ஆறு நிமிடம் ஐம்பது வினாடி

நாகஜோதிக்குக் கோபம் வந்தால் வாய் அடைத்துவிடும், கை பறக்கும். அடிக்கிற கை அல்ல, தைக்கிற கை. வீட்டில் புருஷன் ராமரோடு சண்டை என்றால் அன்றைக்குக் கம்பெனியில் ஐம்பது பீஸ் கூடுதலாக விழும். "ஏனுங்க, இன்னைக்கு ஊட்டுல தகராறுங்களா?" என்று மேனேஜர் பிரபாகர் கேட்பார். கேட்டுவிட்டுச் சிரிப்பார். அவருக்கென்ன, லாபம்தானே. அவளும் இந்தக் குணத்தைப் பெருமையாகவே நினைத்துக்கொண்டிருந்தாள். இதே குணம் ஒருநாள் இருபத்திரண்டு பேர் வயிற்றில் அடிக்கும் என்று அவள் கனவிலும் நினைக்கவில்லை.

அருப்புக்கோட்டைப் பக்கத்துக்காரி. பத்தொன்பது வயதில் ஒரு பையோடு திருப்பூருக்கு வந்து இறங்கியவள். முதல் மூன்று வருடம் கைமடி வேலை. டைலர் தைக்கத் தைக்கத் துணியை மடித்துக் கொடுக்க வேண்டும், தைத்ததை இழுத்து அடுக்க வேண்டும், அவ்வளவுதான். மெஷினில் கை வைத்தால் டைலர் மொக்கைச்சாமி கடித்துக் குதறிவிடுவார். அவர் டீக்குப் போகிற பத்து நிமிடத்தில் அவர் மெஷினிலேயே வெட்டுத் துணியைத் தைத்துத் தைத்துத் தொழிலைக் கற்றுக்கொண்டாள். ஒருநாள் அவர் பாதி டீயில் திரும்பி வந்து கையும் களவுமாகப் பிடித்துவிட்டார். திட்ட வாயைத் திறந்தவர், ஊசிக்குக் கீழே கிடந்த தையலைப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டார். அந்த வாரமே அவளுக்குத் தனி மெஷின் கிடைத்தது. இன்று ஓவர்லாக், பேட்லாக், சிங்கர் என்று எந்த மெஷினைக் கொடுத்தாலும் அவளுக்கு அத்துப்படி. பதினோரு வருடமாக வேலம்பாளையத்தில் சசிகுமார் கம்பெனியில் சாம்பிள் டைலர்.

சசிகுமாரின் கம்பெனி வெளிநாட்டுக்குச் சரக்கு அனுப்புகிற பெரிய கம்பெனி அல்ல. உள்ளூர்க் கடைகளுக்குக் குழந்தைகள் டீ-சர்ட் தைக்கிற கம்பெனி. சென்னையில் தலைமை அலுவலகம் வைத்து ஊர் ஊராகத் துணிக்கடை திறந்திருக்கிற ஒரு நிறுவனம், ஒன்பது வருடமாக வருடத்துக்கு இரண்டு தடவை ஆர்டர் கொடுத்துக்கொண்டிருந்தது. வரிசையாக மெஷின் போட்ட லைனில் இருந்த இருபத்திரண்டு டைலர்களும் அந்த ஆர்டரை நம்பித்தான் வாடகை வீடு பிடித்திருந்தார்கள், பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்திருந்தார்கள்.

கூலி எப்படி முடிவாகும் என்பதைச் சொல்லியாக வேண்டும். புது மாடல் வந்தால் முதல் பீஸைச் சாம்பிள் டைலர் ஒருத்தியே முழுதாகத் தைப்பாள். பக்கத்தில் பிரபாகர் கைப்பேசியில் நேரம் பார்ப்பார். அந்தப் பீஸுக்கு 'ரேட் பீஸ்' என்று பெயர். அது எத்தனை நிமிடம் பிடிக்கிறதோ, அதை வைத்துத்தான் டஜனுக்கு இவ்வளவு என்று லைன் முழுக்கக் கூலி முடிவாகும். அதனால் டைலர்களுக்குள் ஒரு கட்டுப்பாடு உண்டு. எந்த நோட்டிலும் எழுதி வைக்காத, எல்லோருக்கும் தெரிந்த கட்டுப்பாடு. ரேட் பீஸை மட்டும் வேகமாகத் தைக்கக் கூடாது. பன்னிரண்டு மணி நேரம் உட்கார்ந்து இடுப்பு விட்டுப்போன பிறகு ஒருத்தி எந்த வேகத்தில் தைப்பாளோ, அந்த வேகத்தில்தான் தைக்க வேண்டும். பதினோரு வருடமாக நாகஜோதி அதை ஒரு நாளும் மீறியதில்லை. பிரபாகருக்கும் இது தெரியும். தெரிந்தும் தெரியாத மாதிரி எழுதிக்கொள்வார். ஊரில் தொழில் நடந்தது இப்படித்தான்.

இரண்டாயிரத்து இருபத்து மூன்றாம் வருடம், சித்திரை வெயில் தகரக் கூரையில் இறங்கிக்கொண்டிருந்த ஒரு காலையில், சசிகுமார் ஒரு டீ-சர்ட்டைச் சாம்பிள் ரூமுக்குக் கொண்டுவந்து அவள் மேஜையில் போட்டார். சின்னப் பாக்கெட் வைத்த, நான்கு வயதுக் குழந்தை போடுகிற சட்டை.

"இதைக் கொஞ்சம் பிரிச்சுப் பாருங்க நாகஜோதி. எங்க மிச்சம் புடிக்கறாங்கன்னு தெரியோணும்."

கழுத்து லேபிளைத் திருப்பிப் பார்த்தாள். பங்களாதேஷ் என்று போட்டிருந்தது.

"நம்ம கடைக்காரங்களுக்கு இது வந்து எறங்கற வெலையில, நான் நூல் வாங்கித் துணி ஓட்டிச் சாயம் போட்டு முடிக்கவே பத்தாதுங்க. தையக்கூலிக்கு அப்பறம் எங்க போறது?" என்றார் சசிகுமார்.

அவளுக்குப் புரிகிற மாதிரி அவர் சொன்னது இதுதான். பக்கத்து நாடு, ஏழை நாடு என்று சொல்லி, அங்கே தைத்த துணிக்கு இங்கே சுங்க வரி கிடையாது என்று டெல்லியில் ஒப்பந்தம் போட்டு வருடக்கணக்காகிறது. ஜிஎஸ்டி வந்தபோது அதுவரை கொஞ்சம் தடுத்து வைத்திருந்த இன்னொரு வரியும் போயிற்று. துணி சீனாவிலிருந்து அங்கே போகிறது. தையல் மட்டும் அங்கே. சட்டையாகி இங்கே வரும்போது வரியில்லாமல் வருகிறது. தடையில்லா வர்த்தகமாம். சட்டைக்குத்தான் தடையில்லை. அதைத் தைத்தவள் பிழைப்புத் தேடி இந்தப் பக்கம் வந்து பார்க்கட்டும், எல்லையிலேயே துப்பாக்கியோடு நிற்பார்கள்.

நாகஜோதி பிரிகத்தியை எடுத்துத் தோள் தையலைப் பிரித்தாள். தையல் மோசமாக இருக்கும், ஒரு அங்குலத்தில் நாலு தையல் குறைத்திருப்பார்கள், நூல் மட்டமாக இருக்கும், 'இந்தா பாருங்க சார்' என்று காட்டிவிட்டு மூக்கைச் சுளிக்கலாம் என்று நினைத்திருந்தாள். ஒன்றும் இல்லை. தையல் சுத்தமாக இருந்தது. கழுத்துப் பட்டியின் நுனியைப் பிரித்தபோது கை நின்றுவிட்டது. பட்டியின் வெட்டு முனை குழந்தையின் பிடரியில் குத்தாமல் இருக்க உள்பக்கமாக மடித்து, மூன்று தையல் பின்னால் போட்டிருந்தது. இப்படிச் செய் என்று எந்த மேனேஜரும் சொல்வதில்லை, இதற்கு எவனும் கூலி தருவதும் இல்லை. நாகஜோதி தன் மகள் ஜோதிகா பிறந்த பிறகு தானாகச் செய்ய ஆரம்பித்த காரியம் அது. கடலுக்கும் எல்லைக்கும் அப்பால் யாரோ ஒருத்தி அதையே செய்திருந்தாள். குறை சொல்ல ஒன்றும் அகப்படாததில் நாகஜோதிக்கு எரிச்சல்தான் மூண்டது.

மறுநாள் கடை நிறுவனத்திலிருந்து கீர்த்தனா வந்தாள். கொள்முதல் அதிகாரி. முப்பது வயது இருக்கும், சிரித்த முகம். வாய் நிறைய அக்கா என்றுதான் கூப்பிடுவாள். புது சீசன் மாடலுக்கு ரேட் பீஸ் தைக்கிற நாள் அது. சாம்பிள் ரூமில் ஏசி இல்லாததால் கைக்குட்டையால் விசிறிக்கொண்டே கைப்பேசியை நீட்டினாள்.

"அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. இந்த வீடியோ பாருங்க, அங்க ஃபேக்டரில எடுத்தது. இதே ஸ்டைல். ஒரு பீஸ் ஏழு நிமிஷம் இருபது செகண்ட். இங்க எப்பவும் பதினொன்னுன்னு எழுதறாங்க. அந்த நாலு நிமிஷம் நீங்கல்லாம் என்னதான் பண்றீங்க?"

வீடியோவில் மஞ்சள் துணியால் தலையை மூடிய ஒரு பெண் தைத்துக்கொண்டிருந்தாள். முடித்ததும் நிமிர்ந்து நெற்றியைத் துடைத்துக்கொண்டாள், லேசாகச் சிரித்தாள்.

நாலு நிமிடம் என்ன பண்ணுகிறீர்கள் என்ற கேள்வி நாகஜோதியின் மண்டைக்கு ஏறிவிட்டது. இருபத்து மூன்று வருடம். மூத்திரத்தை அடக்கி அடக்கி நீர்க்கடுப்பு வந்த வருடங்கள். ஜோதிகாவைத் தொட்டிலில் போட்டுவிட்டு வந்து, பால் கட்டிய மார்போடு தைத்த மாதங்கள். இந்தப் பெண் கேட்கிறாள், என்ன பண்ணுகிறீர்கள் என்று. பதில் சொல்ல வாய் வரவில்லை. அவளுக்கு என்றைக்குத்தான் வந்தது. முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

கை பறந்தது. தோள், கழுத்துப் பட்டி, கை, பக்கத் தையல் என்று ஓவர்லாக்கில் முடித்து, எழுந்த வேகத்தில் பேட்லாக்குக்குப் போய்க் கீழ் மடிப்பை ஓட்டி, சிங்கரில் பாக்கெட்டையும் லேபிளையும் வைத்து, பல்லால் நூலைக் கடித்து மேஜையில் எறிந்தாள். கழுத்துப் பட்டி நுனியை உள்ளே மடித்து மூன்று தையல் போடவும் மறக்கவில்லை.

"வாவ்! ஆறு நிமிஷம் ஐம்பது செகண்ட்!" என்று கீர்த்தனா கத்தினாள். முதலிலிருந்து கடைசிவரை வீடியோ எடுத்திருந்தாள். சசிகுமார் கை தட்டினார். பிரபாகர் வழக்கம்போல ரேட் நோட்டில் குறித்துக்கொண்டார்.

நாகஜோதிக்கு அந்த ஒரு நிமிடம் நெஞ்சு நிமிர்ந்தது. பிறகு தலையைத் திருப்பினாள். சாம்பிள் ரூமுக்கும் லைனுக்கும் நடுவில் கண்ணாடித் தடுப்பு. அந்தப் பக்கம் சீனியம்மாள் மெஷினை நிறுத்திவிட்டு இவளையே பார்த்துக்கொண்டு நின்றாள். ஐம்பத்திரண்டு வயது, லைனிலேயே மூத்தவள், வலது மணிக்கட்டில் எப்போதும் ஒரு துணி சுற்றியிருக்கும். இருவரும் ஒரே ஊர்ப் பக்கம். நாகஜோதி தைத்தது ரேட் பீஸ் என்று சீனியம்மாளுக்குத் தெரியும். அவள் முகத்தைப் பார்த்த பிறகுதான் நாகஜோதிக்குத் தான் செய்த காரியம் உறைத்தது.

"சார், அது கோவத்துல தச்சது, அத எழுதாதீங்க" என்றாள். அவள் குரல் யார் காதிலும் விழவில்லை. கீர்த்தனா விலை பேச ஆரம்பித்திருந்தாள்.

ஆர்டர் கைவிட்டுப் போகவில்லை. தொண்ணூறாயிரம் பீஸ். பங்களாதேஷ் விலைக்கே சசிகுமார் எடுத்துக்கொண்டார். எல்லோருக்கும் மைசூர்பாகு கொடுத்தார். தின்று முடிப்பதற்குள் புது ரேட் வந்தது. பெரிய மனசு பண்ணி எட்டு நிமிடம் என்று போட்டிருந்தார்கள். பதினோரு நிமிடக் கூலி எட்டு நிமிடக் கூலி ஆயிற்று. பழைய சம்பளம் வேண்டுமானால், பதினோரு நிமிட வேலையை எட்டு நிமிடத்தில் தைக்க வேண்டும். நாள் முழுக்க, வாரம் முழுக்க.

ஒருத்தி கோபத்தில் ஒரே ஒரு சட்டையைத் தைக்கிற வேகத்தில் இருபத்திரண்டு பேர் நான்கு மாதம் தைக்க முடியுமா? முடியாது என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். எழுதினவனுக்கும் தெரியும். டீயை மெஷினுக்கே கொண்டுவரச் சொல்லிக் குடித்தார்கள். தண்ணீர் குடிப்பதைக் குறைத்தார்கள், பாத்ரூமுக்குப் போக வேண்டியிருக்காதே. அவசரத்தில் தையல் கோணி, திருப்பித் தைக்க வருகிற பீஸ் மலையாகக் குவிந்தது, அதற்குக் கூலியும் கிடையாது. சனிக்கிழமைச் சம்பளக் கவர் மெலிந்தது. முனீஸ் என்ற டைலர் ஊசியை விரலில் ஏற்றிக்கொண்டு ஒரு வாரம் வீட்டில் கிடந்தான். சீனியம்மாள் மணிக்கட்டுத் துணியின் மேல் இன்னொரு துணி சுற்றிக்கொண்டாள்.

நாகஜோதியோடு லைனில் ஒருவரும் பேசவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை. மத்தியானம் அவள் சோற்றுத் தூக்குப்போசியைத் திறந்தால் பக்கத்தில் இருக்கிற இரண்டு பேர் எழுந்து தள்ளிப் போய் உட்கார்ந்தார்கள். ஒடிசாவிலிருந்து வந்த நாலு டைலர்கள், பாதித் தமிழும் பாதி ஹிந்தியுமாக எல்லோரோடும் கலகலப்பாக இருப்பவர்கள், அவர்கள்கூட முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். வீட்டில் ராமர், "வேகமா தச்சது ஒரு குத்தமா?" என்று சமாதானம் சொல்லப் பார்த்தான். "ஒனக்கு என்ன தெரியும், சும்மா இரு" என்று எரிந்து விழுந்தாள்.

ஆடி மாதம் பிறந்ததும் சசிகுமார் அறைக் கதவைத் தள்ளிக்கொண்டு போய் நின்றாள். கோபத்தில் ஊர்ப் பேச்சு வந்துவிட்டது.

"அது நான் வெறியில தச்ச பீஸு சார். அத ரேட்டுன்னு எழுதிட்டீக. சீனியம்மா அக்கா கைய வந்து பாருங்க, வீங்கிப் போயிக் கெடக்கு. பழைய ரேட்டுப் போடுங்க."

சசிகுமார் கெட்டவர் அல்ல. கெட்டவராக இருந்தால் திட்டிவிட்டுப் போயிருக்கலாம். அவர் முகமும் செத்துத்தான் கிடந்தது.

"எனக்குந் தெரியுமுங்க. வெல மெயில்ல போயிருச்சு. பின்வாங்குனா மொத்தமும் அங்க போயிரும். அருள்புரத்துல நம்ம கன்னையன் கம்பெனியப் பூட்டிப்போட்டு, மெஷினக் கெடைச்ச வெலைக்கு வித்துப்போட்டாப்ல. அதயும் பாத்துட்டுத்தான இருக்கறீங்க? இங்க வர்ற சரக்குக்கு வரி போடுங்கன்னு மொதலாளிக சங்கத்துல மனுக் கொடுத்திருக்கறமுங்க. இங்கிலாந்துக்கும் ஐரோப்பாவுக்கும் நம்ம சரக்கு வரியில்லாமப் போகோணும்னு அதுக்கும் ஒரு மனு."

நாகஜோதி அவரையே பார்த்தாள். "அங்க தச்சது இங்க வந்தா வரி போடணும். இங்க தச்சது அங்க போனா வரி கூடாது. அப்படித்தான சார்?"

"அப்படித்தானுங்க. எல்லா நாடும் அதத்தான் கேக்குது."

"நம்ம சரக்கு வரியில்லாம எறங்குத ஊர்லயும் ஒரு சீனியம்மா இருப்பாள்ல சார்?"

சசிகுமார் மேஜையில் கிடந்த கணக்கு நோட்டைப் புரட்ட ஆரம்பித்தார். ரேட் மாறவில்லை.

ஐப்பசியில் கீர்த்தனா மறுபடி வந்தாள். காலை பதினோரு மணி. அதே சிரிப்பு.

"அக்கா! உங்க வீடியோ அங்க செம ஹிட். அந்த ஃபேக்டரில எல்லாருக்கும் போட்டுக் காட்டினாங்க. திருப்பூர்ல ஒரு அம்மா ஆறு ஐம்பதுல முடிக்கிறாங்க, உங்களுக்கு என்ன கேடுன்னு கேட்டாங்களாம். இப்ப பாருங்க." கைப்பேசியை நீட்டினாள். "ஆறு நிமிஷம் பத்து செகண்ட். வெலயும் எறக்கிட்டாங்க. சார், நீங்களும் அதுக்கு வந்துட்டீங்கன்னா ஆர்டர் இங்கயே இருக்கட்டும். மத்தியானம் ரேட் பீஸ் பாத்துடலாமா?"

அதே பெண். அதே மஞ்சள் துணி. இந்தத் தடவை அவள் ஒரு முறைகூட நிமிரவில்லை. தாடை இறுகியிருந்தது. முடித்ததும் நெற்றியைத் துடைக்கவில்லை, சிரிக்கவில்லை, சட்டையை மேஜையில் எறிந்தாள். ஆறு மாதத்துக்கு முன் நாகஜோதி எறிந்ததும் இப்படித்தான். அந்தப் பெண் எதனால் அவ்வளவு வேகமாகத் தைத்தாள் என்று நாகஜோதியைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் இந்த உலகத்தில் யாரும் இல்லை. முதல் வீடியோவில் ஏழு இருபதில் முடித்தாளே, அதற்கு முன் அவளுக்கு யாருடைய வீடியோவைக் காட்டினார்களோ. கம்போடியாவோ, வியட்நாமோ, எந்த ஊர்க்காரியோ. இப்படி ஒருத்தி கையை எடுத்து இன்னொருத்தி கன்னத்தில் அறைந்துகொண்டே போகிறார்கள். அறை வாங்குகிறவளுக்கு அறைந்தவள் முகம்தான் தெரிகிறது, கையைப் பிடித்து வீசுகிறவன் தெரிவதில்லை. ஏசி அறையில் உட்கார்ந்து விலை இறக்குகிற அந்தப் பெரிய மனுஷனை நாகஜோதி ஒரு நாளும் பார்த்ததில்லை. பார்த்திருந்தால் தையல் மெஷினைத் தூக்கி அவன் தலையில் போட்டிருப்பாள்.

மத்தியானச் சாப்பாட்டு மணி அடித்ததும் அவள் தூக்குப்போசியை எடுக்காமல் நேராக லைனுக்குப் போனாள். எல்லோரும் நிமிர்ந்து பார்த்தார்கள்.

"இன்னும் கொறைக்கச் சொல்லி வந்திருக்கா. ரெண்டு மணிக்கு என்னய உக்காரச் சொல்லுதாக. எப்படித் தைக்கட்டும்? நீங்க சொல்லுங்க."

ஆறு மாதமாக அடக்கி வைத்திருந்ததைச் சீனியம்மாள் கொட்டிவிட்டாள்.

"இப்பக் கேக்கயாக்கும்? அன்னைக்கு எங்கள ஒரு வார்த்த கேட்டியா? ஒனக்கு ரோசம் வந்தா நீ பறப்ப, அதுக்கு நான் ஓடணுமாக்கும்? ராத்திரி சோத்தப் பெசைய முடியல எனக்கு. எம்மக ஊட்டி விடுதா, தெரியுமா?"

நாகஜோதி தலை குனிந்து நின்றாள். கண்ணில் தண்ணீர் முட்டியது, துடைத்துக்கொள்ளவில்லை. "தப்புதான்க்கா. அதான் இன்னைக்குக் கேக்கேன்."

மெதுவாகத் தைத்தால் ஆர்டர் போய்விடும் என்றான் முனீஸ். வேகமாகத் தைத்தால் மட்டும் அடுத்த தடவை ஐந்து நிமிடம் கேட்கமாட்டார்களா என்றாள் இன்னொருத்தி. ஒடிசாக்காரர்களில் ஒருவர், வேலை குறைந்தாலும் எல்லோரும் பங்கு போட்டுக்கொள்ளலாம், கை போனால் திரும்பக் கிடைக்குமா என்று ஹிந்தியில் கேட்டார். கொஞ்ச நேரம் இரைச்சலாக இருந்தது. கடைசியில் சீனியம்மாள் மணிக்கட்டுத் துணியை அவிழ்த்து மறுபடி இறுக்கிக் கட்டிக்கொண்டே சொன்னாள்.

"சாயந்தரம் ஏழரை மணிக்கு நான் எப்படித் தைக்கேனோ, அப்படித் தை. கூட்டவும் வேண்டாம், கொறைக்கவும் வேண்டாம். அதான் நெசம்."

இரண்டு மணிக்கு நாகஜோதி சாம்பிள் ரூமில் உட்கார்ந்தாள். சசிகுமார் நகத்தைக் கடித்துக்கொண்டு நின்றார். பிரபாகர் நோட்டைத் திறந்தார். கீர்த்தனா கைப்பேசியை உயர்த்திப் பிடித்தாள். கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் ஒவ்வொரு மெஷினாக நின்று, லைன் முழுக்க அமைதியாகிவிட்டது.

உள்ளே கோபம் கொதித்தது. கால் பெடலை அழுத்தத் துடித்தது. இத்தனை வருடத்தில் அவள் செய்த வேலைகளிலேயே கஷ்டமான வேலை அதுதான். அவள் தோள் துணியை எடுத்தாள், ஓரம் பார்த்து வைத்தாள், தைத்தாள். நிறுத்தினாள். சீனியம்மாள் செய்வதைப் போலவே வலது மணிக்கட்டை இடது கையால் இரண்டு தடவை நீவிவிட்டாள். கழுத்துப் பட்டியை எடுத்தாள். கண் மங்கலாகத் தெரிகிறவளைப் போல ஊசிக்குக் கிட்டே குனிந்து பார்த்தாள். ஐந்து நிமிடம் ஆயிற்று. திருப்பூரின் வேகமான கை என்று பெயர் வாங்கியவள், ஊரார் பார்க்க ஒரு சின்னச் சட்டையை ஊர்ந்து ஊர்ந்து தைத்துக்கொண்டிருந்தாள்.

எட்டாவது நிமிடத்தில் கீர்த்தனாவின் கை தாழ்ந்தது. "போதும்க்கா. என்ன ஆச்சு உங்களுக்கு?"

"எறக்காதீங்க மேடம்." நாகஜோதிக்கு இந்தத் தடவை வாய் அடைக்கவில்லை. "முழுசா எடுங்க. போன தடவ முழுசா எடுத்தீகள்ல? எடுங்க."

கீர்த்தனா சசிகுமாரைப் பார்த்தாள். அவர் தரையைப் பார்த்தார். கைப்பேசி மறுபடி உயர்ந்தது.

கடைசியாக லேபிள் வைத்து நூலைக் கத்தரியால் வெட்டிவிட்டு, சட்டையை எறியாமல், தடவி மடித்து மேஜையில் வைத்தாள் நாகஜோதி.

"பதினொன்னு நாப்பது" என்றார் பிரபாகர். எழுதலாமா என்று முதலாளியைப் பார்த்தார்.

சசிகுமார் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்ற முகங்களைப் பார்த்தார். "எழுதுங்க" என்றார். பிறகு கீர்த்தனா பக்கம் திரும்பினார். "இந்த நேரத்துக்கு ஆகற கூலிக்குக் கீழ என்னால வெல போட முடியாதுங்க மேடம்."

"சார், அப்ப நான் பாதிதான் இங்க தர முடியும். பாதி அங்கதான் போகும்."

"பாதியே குடுங்க."

பாதி என்றால் வாரத்துக்கு மூன்று நாள் வேலை. லைனில் எல்லோருக்கும் அது புரிந்தது. யாரும் மெஷினை ஓட்டவில்லை, யாரும் நாகஜோதியைத் திட்டவும் இல்லை. கீர்த்தனா கைப்பேசியைக் கைப்பைக்குள் போட்டு ஜிப்பை இழுத்தாள்.

நாகஜோதி எழுந்து வாசலை மறித்துக்கொண்டு நின்றாள்.

"மேடம், அத உள்ள போட்டு மூடிராதீங்க. இந்த வீடியோவையும் அங்க காட்டுங்க. அந்த மஞ்சத் துணி கட்டுன பொண்ணு பாக்கணும். இங்க ஒருத்திக்கு ஒரு சட்ட தைக்கப் பதினொன்னு நாப்பது ஆகுதுன்னு அவகிட்டச் சொல்லுங்க. அவளயும் நிமிந்து நெத்தியத் தொடச்சுக்கிடச் சொல்லுங்க."